எட்டு மாடு, ஒரு மனிதன்: ஆங்கிலோ-சாக்சன்களின் 'சுதந்திர' வரலாறு

வெள்ளைக்காரன் தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்ளும் கதைகளில் ஒன்று உண்டு. கி.பி. 5ஆம் நூற்றாண்டில் வடகடலைத் தாண்டி ஆங்கிள், சாக்சன், ஜூட் என்ற இனக்குழுக்கள் பிரிட்டன் தீவுக்கு வந்தன. அவர்கள் சுதந்திரப் பிறவிகள். ஊர் கூடிப் பேசி முடிவெடுத்தவர்கள். 1066இல் நார்மன்கள் படையெடுத்து வந்து அந்தச் சுதந்திரத்தைப் பறித்தார்கள். ஆனாலும் ரத்தத்தில் ஊறிய குணம் போகுமா? அது நாடாளுமன்றமாக, ஜூரி விசாரணையாக, அமெரிக்க விடுதலையாக மறுபடியும் முளைத்தது. இப்படிப் போகிறது அந்தக் கதை. கேட்க நல்லாத்தான் இருக்கு. ஆனால் ஊர்க்கூட்டம் நடந்தபோது அதில் உட்கார இடமில்லாதவன் யார், அந்த நேரத்தில் அவன் எங்கே என்ன வேலை செய்துகொண்டிருந்தான் என்று கேட்டால் கதை நொண்ட ஆரம்பித்துவிடுகிறது.

தமிழ் படித்தவனுக்கு இதில் என்ன வேலை? வேலை இருக்கிறது. எம்.ஏ. வகுப்பில் சங்க காலத்தை 'வீரயுகம்' என்று படித்தோம். அந்தக் கருத்தைத் தமிழாய்வில் நிலைநிறுத்தியவர் க. கைலாசபதி. 1968இல் ஆங்கிலத்தில் வெளிவந்த அவருடைய ஆய்வு, சங்கப் பாடல்களைக் கிரேக்கம் முதலான மொழிகளின் வீரப் பாடல்களோடு ஒப்பிட்டது. அவருக்கு முன்னோடியான எச்.எம். சாட்விக் 1912இல் 'வீரயுகம்' என்ற பெயரிலேயே நூல் எழுதியவர். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலோ-சாக்சன் பேராசிரியர். ஆக, புறநானூற்றைப் பார்க்க நமக்குக் கொடுத்த கண்ணாடியில் ஒரு பக்கம் அங்கே தேய்த்தது. அந்தக் கண்ணாடியில் யார் தெரிகிறார்கள், யார் தெரிவதில்லை என்று பார்க்கும் பொறுப்பு நமக்கும் உண்டு.

அவர்களுடைய வீரயுகத்தின் பெருமைக்குரிய காவியம் 'பியோவுல்ஃப்'. 3182 அடிகள். பியோவுல்ஃப் என்ற வீரன் கிரெண்டல் என்ற அரக்கனைக் கொல்கிறான், அவன் தாயையும் கொல்கிறான், அரசனாகி ஐம்பது ஆண்டுகள் ஆள்கிறான், கடைசியில் ஒரு டிராகனோடு பொருது சாகிறான். அந்த டிராகன் ஏன் விழித்தது? சவுக்கடிக்குப் பயந்து ஓடிய ஒருவன் ஒளிய இடம் தேடி அதன் குகைக்குள் நுழைகிறான். புதையலிலிருந்து ஒரு கிண்ணத்தை எடுத்துவந்து எஜமானிடம் கொடுத்து மன்னிப்பு வாங்குகிறான். டிராகன் ஊரை எரிக்கிறது. அரசன் சில வீரர்களோடு மட்டும் கிளம்புகிறான். அந்த ஆளைக் கைதியாகப் பிடித்து, பதின்மூன்றாவது ஆளாக, விருப்பமில்லாமல் வழிகாட்ட வைக்கிறார்கள். குகை வந்ததும் காவியம் அவனை விட்டுவிடுகிறது. அவனுக்குப் பெயர் கிடையாது.

பெயர் மட்டுமா இல்லை? அவன் யார் என்று சொல்லும் சொல்லே சுவடியில் சிதைந்திருக்கிறது. முதல் எழுத்து மட்டும் தெரிகிறது. அந்த எழுத்தில் தொடங்கும் 'தியோவ்' என்றால் அடிமை. 'தெய்ன்' என்றால் பிரபுவின் படைவீரன். எது சரி என்று பதிப்பாசிரியர்கள் வாதாடியிருக்கிறார்கள். பலரும் அடிமை என்றே வாசிக்கிறார்கள். அந்தக் காலத்தின் மிகப் பெரிய காவியத்தில் கதையைத் திருப்பிவிடுகிறவன் அடிமையா என்று ஒற்றை எழுத்தை வைத்து ஊகிக்க வேண்டியிருக்கிறது.

காவியத்தில் மங்கியவன் சட்டத்தில் தெளிவாகத் தெரிகிறான். ஆங்கில மொழியில் எழுதப்பட்டவற்றில் நமக்குத் தெரிந்த மிகப் பழைய நூல், கென்ட் நாட்டு அரசன் எதெல்பெர்ட் கி.பி. 600ஐ ஒட்டிப் போட்ட சட்டம். ராச்செஸ்டரில் 12ஆம் நூற்றாண்டில் எடுத்த பிரதியாக அது கிடைத்திருக்கிறது. அது ஒரு விலைப்பட்டியல். பல்லுக்கு என்ன விலை, விரலுக்கு என்ன விலை, ஆளைக் கொன்றால் என்ன விலை என்று போகும். அரசனுடைய பணிப்பெண்ணோடு ஒருவன் படுத்தால் 50 ஷில்லிங் கட்ட வேண்டும். மாவு அரைக்கும் அடிமைப்பெண் என்றால் 25. மூன்றாம் தரத்துப் பெண் என்றால் 12. சாதாரண விவசாயி வீட்டுப் பணிப்பெண்ணுக்கு 6. பணம் உடைமைக்காரனுக்குப் போகும். அவள் உடம்புக்கு நேர்ந்தது சட்டத்தின் கண்ணில் அவனுடைய சொத்துக்கு நேர்ந்த சேதம்.

7ஆம் நூற்றாண்டின் கடைசியில் வெசெக்ஸ் அரசன் இனே போட்ட சட்டத்திலும் இந்தப் படிநிலை இருக்கிறது. பிரபுவைக் கொன்றால் அவன் சொந்தக்காரர்களுக்கு 1200 ஷில்லிங். சாதாரண சுதந்திர மனிதனுக்கு 200. வெல்ஷ் அடிமைக்கு 60, சில சமயம் 50. ஒரே குற்றத்துக்கு யார் செய்தது, யாருக்குச் செய்தது என்று பார்த்து அளவை மாற்றும் நீதியை மனுவில் படித்த நமக்கு இது புதுசு இல்லை. ஆனால் சாதிக்கும் இதற்கும் வித்தியாசம் உண்டு. அதை மழுப்பக் கூடாது. அங்கே போரில் தோற்றவன் அடிமையானான், கடன் கட்ட முடியாதவன் அடிமையானான், தண்டனையாகவும் அடிமையாக்கினார்கள். அடிமைக்குப் பிறந்ததும் அடிமை. என்றாலும் விடுதலைச் சீட்டு கிடைத்தால் வெளியே வர ஒரு வாசல் இருந்தது. தீட்டு என்ற ஒன்றை வைத்து அந்த வாசலை அடைத்துவிடவில்லை.

'வெல்ஷ்' என்ற சொல்லைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். பழைய ஆங்கிலத்தில் 'வெயால்ஹ்' என்றால் முதலில் அந்நியன். வந்தேறிகள் அந்தச் சொல்லை யாருக்குச் சூட்டினார்கள்? தீவில் ஏற்கெனவே வாழ்ந்துகொண்டிருந்த பிரிட்டன் மக்களுக்கு. சொந்த மண்ணில் இருந்தவன் அந்நியனானான். பிறகு அதே சொல்லுக்கு அடிமை என்ற பொருளும் வந்து சேர்ந்தது. ஒரு சனத்தின் பெயரே அடிமைக்குப் பெயரானது. இன்றைய வேல்ஸ் நாட்டின் பெயரில் அந்தச் சொல் இருக்கிறது.

எக்ஸெட்டர் தேவாலயத்தில் ஒரு பழைய கவிதைச் சுவடி இருக்கிறது. 1072இல் இறந்த லியோஃப்ரிக் என்ற பிஷப் கொடுத்தது. அதில் விடுகதைகள் நிறைய உண்டு. ஒன்றில் மாட்டுத்தோலே பேசுகிறது. உயிரோடு இருந்தபோது நிலத்தை உழுததாகவும், செத்த பிறகு கறுத்த வெல்ஷ்காரர்களைக் கட்டும் வாராகவும், குடிக்கும் கலமாகவும், காலில் மிதிபடும் செருப்பாகவும் ஆனதாகவும் அது சொல்கிறது. தூரத்திலிருந்து கொண்டுவரப்பட்ட கருங்கூந்தல் வெல்ஷ் பெண் ஒருத்தி இருட்டில் அந்தத் தோலைக் கையாளுவதைப் பற்றி ஒரு கொச்சையான நையாண்டியும் வருகிறது. விருந்தில் சிரிக்கச் சொன்ன விடுகதை. அந்தச் சிரிப்பில் கூடச் சேர்ந்துகொள்ள நம்மால் முடியவில்லை. தோலோடு வாழ்ந்த கைகளின் பேரப்பிள்ளைகள் நாம்.

இன்னொரு சொல் 'லார்டு'. இதன் பழைய வடிவம் 'ஹ்லாஃபோர்ட்'. ரொட்டியைக் காப்பவன் என்று பொருள். அவனை அண்டிப் பிழைக்கிறவனுக்கு எதெல்பெர்ட் சட்டத்தில் உள்ள பெயர், ரொட்டி தின்பவன். நம்ம ஊரில் ஆண்டையை 'படியளக்கிறவர்' என்பதற்கும் இதற்கும் அதிக தூரம் இல்லை. உழுது விளைவித்தவன் தின்கிறவன். கதவைப் பூட்டிச் சாவியை வைத்திருப்பவன் கொடுக்கிறவன்.

பசியும் அடிமைத்தனமும் எப்படிக் கை கோத்திருந்தன என்பதற்கு டர்ஹாம் தேவாலயத்தின் நினைவுப் புத்தகத்தில் ஒரு குறிப்பு இருக்கிறது. கெயாட்ஃப்ளேட் என்ற பெண் சிலரை விடுதலை செய்கிறாள். அவர்களில் ஒருவர் கொல்லர். கூடவே, கெட்ட காலத்தில் சோற்றுக்காகத் தன்னிடம் தலையைக் கொடுத்தவர்கள் எல்லோரையும் விடுவிப்பதாக எழுதிவைக்கிறாள். பஞ்சத்தில் வந்தவன் எஜமானியின் கைகளுக்குள் தன் தலையை வைக்க வேண்டும். அதோடு அவன் அவளுடைய ஆள். சோழர் கால ஆளோலைகளைப் பற்றிப் படித்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

அடிமை தன் வாயால் பேசும் இடம் ஒன்று உண்டு என்பார்கள். ஏல்ஃப்ரிக் என்ற துறவி 10ஆம் நூற்றாண்டின் கடைசியை ஒட்டி, மடத்துப் பையன்களுக்கு லத்தீன் பேசக் கற்றுக்கொடுக்க எழுதிய உரையாடல் அது. ஆசிரியர் கேட்பார், ஒவ்வொரு பையனும் ஒரு தொழிலாளியாக நடித்துப் பதில் சொல்லுவான். உழவன் வருகிறான். விடியும்போதே எருதுகளை ஓட்டிக்கொண்டு போகிறேன். எவ்வளவு குளிரானாலும் எஜமானுக்குப் பயந்து வீட்டில் தங்க முடியாது. ஒரு நாளைக்கு ஒரு ஏக்கராவது உழ வேண்டும். தாற்றுக்கோலோடு கூட வரும் பையனுக்குக் குளிரிலும் கத்தலிலும் தொண்டை கட்டிவிட்டது. மாட்டுக்குத் தீனி, தண்ணீர், சாணி அள்ளுவது எல்லாம் என் வேலை என்கிறான். பெரிய பாடுதான் என்கிறார் ஆசிரியர். ஆமாம், நான் சுதந்திரன் இல்லையே என்று முடிக்கிறான் உழவன்.

ஆங்கிலோ-சாக்சன் அடிமை முறையைப் பற்றி எழுதும் யாரும் இந்த இடத்தைத் தாண்டிப் போவதில்லை. ஆனால் பேசுவது யார்? மடத்துப் பையன். எழுதியது துறவி. மொழி லத்தீன், உழவனுக்குத் தெரியாத மொழி. அவனுடைய கண்ணீர் இலக்கணப் பயிற்சிக்குப் பயன்பட்டது. உரையாடலின் முடிவையும் பார்க்க வேண்டும். எந்தத் தொழில் உயர்ந்தது என்று சண்டை வருகிறது. எல்லோருக்கும் சோறு போடும் உழவுதான் என்று ஒரு பெரியவர் தீர்ப்பு சொல்கிறார். கலப்பைக்குக் கொழு யார் தருவது என்று கொல்லன் மடக்குகிறான். கடைசியில் பெரியவர் சமாதானம் செய்கிறார்: அவரவர் தொழிலை அவரவர் ஒழுங்காகச் செய்யுங்கள், தான் என்னவாக இருக்கிறானோ அதுவாக இருக்க விரும்பாதது ஒருவனுக்கு அவமானம் என்கிறார். உழவனை உயர்ந்தவன் என்று சொல்லிவிட்டு அங்கேயே இருக்கச் சொல்லும் இந்த வித்தையை நாம் வேறு பெயரில் அறிவோம். சுதர்மம் என்பார்கள்.

ஆங்கிலக் கவிதையின் பெயர் தெரிந்த முதல் கவிஞன் ஒரு மாட்டுக்காரன் என்பதும் இங்கே சேர்த்து யோசிக்க வேண்டியது. கேட்மன் என்று பெயர். 7ஆம் நூற்றாண்டில் விட்பி மடத்தில், ஹில்டா தலைவியாக இருந்தபோது வாழ்ந்தவன். விருந்தில் யாழ் தன் பக்கம் வரும்போது பாடத் தெரியாமல் எழுந்து மாட்டுக்கொட்டகைக்குப் போய்விடுவானாம். கனவில் பாட்டு வந்ததாம். 731இல் வரலாறு எழுதி முடித்த பீட் என்ற துறவி இதைச் சொல்கிறார். கேட்மன் என்பது சாக்சன் பெயரில்லை, பூர்வகுடி பிரிட்டன் மொழிப் பெயர் என்று அறிஞர்கள் கருதுகிறார்கள். மடத்துக்குள் சேர்த்துக்கொண்டு வேதக்கதைகளைச் சொன்னார்கள், அவன் பாடினான். அவனுடையது என்று உறுதியாகச் சொல்ல இன்று மிஞ்சியது ஒன்பது அடிகள். கொட்டகையில் மாட்டோடு இருந்தவர்கள் தங்களுக்குள் என்ன பாடினார்கள் என்பதை எழுதிவைக்க யாருக்கும் தோன்றவில்லை.

ஆல்ஃப்ரெட்டை 'மகா' அடைமொழியோடு படித்திருப்பீர்கள். 871 முதல் 899 வரை ஆண்டவர். கல்வி வளர்த்தவர், மொழிபெயர்த்தவர். அவருடைய சட்டத்தில் விடுமுறைப் பட்டியல் உண்டு. கிறிஸ்துமஸுக்கு 12 நாள், ஈஸ்டருக்கு முன்னும் பின்னும் ஏழேழு நாள் என்று போகும். இதெல்லாம் சுதந்திர மனிதர்களுக்கு. அடிமைக்கு ஆண்டில் நான்கு புதன்கிழமை. அன்றைக்கு அவன் பிச்சையாகக் கிடைத்ததையோ ஓய்வு நேரத்தில் சம்பாதித்ததையோ விற்றுக்கொள்ளலாம். வெல்ஷ் எல்லைப் பகுதிக்கான ஒரு பழைய உடன்படிக்கை, காணாமல்போன உடைமைக்கு ஈட்டுத்தொகை சொல்கிறது: எருதுக்கு 30 பென்னி, பன்றிக்கு 8 பென்னி, ஆளுக்கு 1 பவுண்டு. ஒரு பவுண்டு என்றால் 240 பென்னி. கணக்குப் போட்டால் ஒரு மனிதன் எட்டு எருது.

1014ஐ ஒட்டி, டேனியப் படைகள் நாட்டைச் சூறையாடிக்கொண்டிருந்தபோது, யார்க் பேராயர் வுல்ஃப்ஸ்டன் புகழ்பெற்ற ஒரு பிரசங்கம் செய்தார். ஏழைகளை நாடு கடத்தி விற்கிறார்கள், பலர் சேர்ந்து காசு போட்டு ஒரு பெண்ணை வாங்கிக் கெடுத்துவிட்டு அந்நியனிடம் விற்கிறார்கள் என்று கொதித்தார். நல்லது. அதே மூச்சில் அவர் சொன்ன இன்னொரு புலம்பலும் உண்டு. அடிமை ஓடிப்போய் வைக்கிங்குகளோடு சேர்ந்துவிடுகிறான். அவன் கையால் பிரபு செத்தால் ஆள்விலை கிடையாது. பிரபு கையால் அந்தப் பழைய அடிமை செத்தால் பிரபுவுக்கான முழு விலையைக் கட்ட வேண்டியிருக்கிறதே என்கிறார். பேராயருக்கு அது உலகம் முடியப்போவதன் அடையாளம். ஓடிப்போன அடிமைக்கோ, தன் உயிரும் எஜமான் உயிரும் ஒரே விலை பெற்ற நாள். எஜமான்களின் பேரழிவுக் காலத்தை நாம் இரண்டு முறை படிக்க வேண்டும் என்பதற்கு இதைவிடச் சாட்சியம் வேண்டாம்.

அரை நூற்றாண்டு கழித்து வூஸ்டரில் இன்னொரு வுல்ஃப்ஸ்டன் பிஷப்பாக இருந்தார். பிரிஸ்டல் துறைமுகத்தில் இளம் ஆண்களையும் பெண்களையும் வரிசையாகக் கயிற்றில் கட்டி அயர்லாந்துக்கு விற்பதை எதிர்த்து மாதக்கணக்கில் ஞாயிறுதோறும் பிரசங்கம் செய்தார் என்று அவர் வரலாறு சொல்கிறது. 1086இல் எடுத்த டூம்ஸ்டே கணக்கெடுப்பில் சுமார் 28,000 அடிமைகள் பதிவாகியிருக்கிறார்கள். பதிவானவர்களில் ஏறக்குறைய பத்தில் ஒருவர். மேற்கு மாவட்டங்களில் இன்னும் அதிகம். 1102இல் லண்டனில் வெஸ்ட்மின்ஸ்டரில் கூடிய திருச்சபைப் பேரவை, மனிதரை மிருகம்போல விற்கக் கூடாது என்றது. 12ஆம் நூற்றாண்டில் அடிமை முறை தேய்ந்தது. அடிமைக்குச் சோறு போட்டு வைத்திருப்பதைவிடத் துண்டு நிலம் கொடுத்து, அதோடு கட்டிவைத்து வேலை வாங்குவது பண்ணைக்கு லாபமாக இருந்ததும் இதற்கு ஒரு காரணம். பிரிஸ்டல் பிறகு ஆப்பிரிக்க அடிமை வணிகத்தின் பெரிய துறைமுகமானது.

இவ்வளவு ஆவணம் இருந்தும் 'சுதந்திர சாக்சன்' கதை எப்படி நின்றது? இந்தத் துறையின் பிறப்பிலேயே பதில் இருக்கிறது. 16ஆம் நூற்றாண்டில் பேராயர் மேத்யூ பார்க்கர் பழைய சுவடிகளைத் தேடிச் சேர்த்தது, ரோமை விட்டுப் பிரிந்த திருச்சபைக்குப் பழமைச் சான்று காட்ட. 17ஆம் நூற்றாண்டில், 1649இல் பொதுநிலத்தைத் தோண்டிப் பயிர்செய்த ஜெரார்ட் வின்ஸ்டன்லி போன்றவர்கள், நார்மன் பிடுங்கிய நிலத்தைத் திருப்பிக் கொடு என்று ஏழைகளுக்காக அந்தப் பழங்காலத்தைக் கையில் எடுத்தார்கள். பிறகு அது கை மாறியது. தாமஸ் ஜெஃபர்சன் 1776இல் அமெரிக்க முத்திரையில் ஹெங்கிஸ்ட், ஹார்சா என்ற சாக்சன் தலைவர்களின் உருவத்தைப் பொறிக்க யோசனை சொன்னவர். தான் நிறுவிய வர்ஜீனியா பல்கலைக்கழகத்தில் ஆங்கிலோ-சாக்சன் மொழியைப் பாடமாக்கினார். அதைக் கட்டியதில் அடிமைகளின் உழைப்பு இருந்தது. அவர் தன் வாழ்நாளில் 600க்கும் மேற்பட்ட கறுப்பின மக்களை அடிமையாக வைத்திருந்தவர்.

அந்தக் கதை நம் ஊருக்கும் கப்பலேறி வந்தது. ஜான் கெம்பிள் 1849இல் எழுதிய நூலில், சாக்சன் சமூகத்தின் அடித்தளம் சுதந்திர மனிதர்கள் நிலத்தைக் கூட்டாக வைத்திருந்த கிராமம் என்றார். வைஸ்ராய் சபையில் சட்ட உறுப்பினராக இருந்த ஹென்றி மெய்ன் 1871இல் அந்தக் கிராமத்தையும் இந்தியக் கிராமத்தையும் ஒப்பிட்டு நூல் எழுதினார். இந்தியக் கிராமம் ஒரு சிறு குடியரசு என்று மெட்காஃப் ஏற்கெனவே எழுதியிருந்தார். இரண்டு கற்பனைகளும் ஒன்றுக்கொன்று சாட்சி சொல்லிக்கொண்டன. அங்கே அடிமையைக் கழித்துவிட்டால் சுதந்திரக் கிராமம். இங்கே சேரியைக் கழித்துவிட்டால் கிராமக் குடியரசு. 1948 நவம்பர் 4இல் அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் மெட்காஃபின் பெயரைச் சொல்லி இந்தக் கிராமப் பக்தியைக் கிழித்தார். அவர் கிழித்தது காந்தியவாதிகளின் கனவு மட்டும் என்று நினைக்கிறோம். ஐரோப்பா தன்னைப் பற்றிக் கண்ட கனவின் ஒரு நுனியும் அதில் கிழிந்தது.

இன்றைக்கு அந்தத் துறைக்குள்ளேயே சண்டை நடக்கிறது. 1983இல் தொடங்கிய ஆங்கிலோ-சாக்சனியலாளர் சர்வதேச சங்கத்தின் துணைத் தலைவராக இருந்த மேரி ரம்பாரன்-ஓல்ம், துறையில் நிலவும் இனவெறியைக் கண்டித்து 2019இல் பதவி விலகினார். அதே ஆண்டு உறுப்பினர்கள் வாக்களித்து சங்கத்தின் பெயரிலிருந்து அந்தச் சொல்லை நீக்கினார்கள். எதிர்த்தவர்கள் பலர், அது வெறும் வரலாற்றுச் சொல்தானே என்றார்கள். ஆல்ஃப்ரெட் காலத்தில் 'ஆங்கிலோ-சாக்சன்களின் அரசன்' என்ற பட்டம் இருந்தது உண்மைதான். ஆனால் அந்த மக்கள் தங்களை அதிகமாக அழைத்துக்கொண்டது 'எங்லிஷ்' என்று. 2021இல் அமெரிக்க வலதுசாரி அரசியல்வாதிகள் சிலருடைய திட்ட வரைவு ஒன்றில் ஆங்கிலோ-சாக்சன் அரசியல் மரபு என்ற தொடர் வந்து பெரிய சர்ச்சையானது. சொல்லுக்கு உயிர் இருக்கிறது. அது இன்னும் ஆள் பிடிக்கிறது.

பெயரை மாற்றுவது சரி. பெயரால் இழிவுபட்டவர்களுக்கு அதன் கனம் தெரியும். ஆனால் அதோடு நின்றால், சாலைப் பெயரிலிருந்து சாதியை எடுத்துவிட்டுச் சேரிக்குச் சாலை போடாத கதையாகிவிடும். அடியிலிருந்து வாசிப்பது நடக்க வேண்டும். டேவிட் பெல்டரெட் 1995இல் அந்தக் கால அடிமைகளைப் பற்றி ஒரு முழு நூல் எழுதினார். இப்படிப்பட்ட உழைப்பு பெருக வேண்டும்.

நமக்கும் இதில் ஓர் எச்சரிக்கை இருக்கிறது. பறிகொடுத்த பழம்பெருமையைத் தேடுவது ஒடுக்கப்பட்டவர்களுக்கு ஆயுதம். வின்ஸ்டன்லிக்கு அப்படித்தான் இருந்தது. ஆனால் அந்தப் பெருமைக்குள் யார் மாவரைத்தாள் என்று கேட்காமல் விட்டால், நாளைக்கு ஒரு ஜெஃபர்சன் வந்து அதை எடுத்துக்கொள்வான். சங்ககாலப் பொற்காலத்தைப் பற்றிப் பேசும்போதும் சரி, நம்முடைய பூர்வ பௌத்த காலத்தைப் பற்றிப் பேசும்போதும் சரி, இந்தக் கேள்வியை நாமே முதலில் கேட்டுவிட வேண்டும். அதுவும் குறிப்பாகப் பெண்களின் பக்கமிருந்து.

கார்ன்வாலில் போட்மின் என்ற ஊரில் வழிபாட்டுக்கு வைத்திருந்த நற்செய்திச் சுவடி ஒன்று இன்று லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது. அதன் ஓரங்களிலும் வெற்றிடங்களிலும், 10, 11ஆம் நூற்றாண்டுகளில் விடுதலையான அடிமைகளின் பெயர்களைச் சாட்சிகளோடு எழுதிவைத்திருக்கிறார்கள். நூற்றுக்கு மேற்பட்ட பெயர்கள். விடுவித்தவர்களின் பெயர்களில் பெரும்பாலானவை சாக்சன் பெயர்கள். விடுதலையானவர்களின் பெயர்களில் பெரும்பாலானவை கார்ன்வால் மண்ணின் பெயர்கள். பியோவுல்ஃபில் இல்லாத பெயர்கள் இங்கே இருக்கின்றன. அவர்கள் கேட்டது காவியம் இல்லை. நாளைக்கு எவனாவது வந்து இவன் என் ஆள் என்று கையைப் பிடித்தால், எடுத்துக்காட்ட ஒரு வரி எழுத்து வேண்டும் என்று கேட்டார்கள்.

வரலாறு படிக்கும் நம் மாணவர்கள் இந்த மாதிரி ஓரங்களைத் தேடிப் போக வேண்டும். அங்கேயும் போகலாம், யாரும் தடுக்க முடியாது. அது வெள்ளைக்காரன் வீட்டுச் சொத்து இல்லை. இங்கே கோயில் சுவர்களில் ஆள் விற்ற கல்வெட்டுகள் வெயிலிலும் மழையிலும் நிற்கின்றன. சுண்ணாம்பு பூசி மூடுவதற்குள் போய்ப் படியெடுங்கள்.